அமுண்ட்சன் திரும்பி வந்த கதை

ட்ரெக்கிங் போறதுக்கு முந்தின ராத்திரி நம்ம வாட்ஸ்அப் குரூப் எப்படி இருக்கும்னு தெரியும்ல? உச்சியில எடுக்கப்போற போட்டோ வரைக்கும் முடிவாகியிருக்கும். மழை வந்தா எங்க திரும்பணும்னு மட்டும் யாரும் பேசியிருக்க மாட்டாங்க. தென் துருவத்தை முதலில் தொட்ட ரோவால்ட் அமுண்ட்சனும் ஒருமுறை ஆசையில் அவசரப்பட்டவர்தான்.

1872-ல் நார்வேயில் பிறந்தவர். 1911 தொடக்கத்தில் அண்டார்டிகாவில் முகாம் போட்டார். 80, 81, 82 டிகிரி அட்சரேகைகளில் உணவைச் சேமித்து வைத்தார். பனியில் அந்த இடங்களைத் தவறவிடாமல் இருக்க, இருபுறமும் வரிசையாகக் கொடிகள் நட்டார். திட்டம் பக்கா!

ஆனா மனசுக்குள்ள ஒரு பயம். இங்கிலாந்தின் ஸ்காட் கொண்டுவந்த மோட்டார் வண்டிகள் முந்திவிட்டால்? ஆகஸ்ட் கடைசியில் சூரியன் தலைகாட்டியது. இனி குளிர் குறையும் என்று நம்பி, செப்டம்பர் 8 அன்று எட்டுப் பேர் கிளம்பினார்கள். சில நாளிலேயே மைனஸ் 56 டிகிரி. திசைகாட்டிக்குள் இருந்த திரவமே உறைந்துபோனது. 80 டிகிரியில் சுமையை இறக்கிவிட்டுத் திரும்பினார்கள்.

திரும்பியது சரியான முடிவு. திரும்பிய விதம்தான் தப்பு. கடைசி நாள் அமுண்ட்சன் யாருக்கும் காத்திருக்காமல் முகாமுக்கு விரைந்துவிட்டார். பின்தங்கிய பிரெஸ்ட்ரூட்டின் கால்கள் உறைபனியில் பாதிக்கப்பட்டிருந்தன. யோஹான்சன்தான் அவரை நள்ளிரவு தாண்டிக் கொண்டுவந்து சேர்த்தார். மறுநாள் காலை எல்லார் முன்னாலும் யோஹான்சன் தலைவரைக் கேள்வி கேட்டார். அமுண்ட்சன் அவரைத் துருவக் குழுவிலிருந்தே நீக்கிவிட்டார். கேட்டதில் நியாயம் இருந்தது, தண்டனையில் இல்லை.

ஆனாலும் பாடம் மண்டையில் ஏறியது. ஸ்காட் முந்தினால் முந்தட்டும் என்று ஒரு மாதத்துக்கும் மேல் பொறுத்தார். அக்டோபர் 20 வாக்கில் 5 பேர், 52 நாய்களோடு மறுபடி புறப்பட்டார். ஆரம்பத்தில் ஒரு நாளைக்குச் சுமார் 28 கி.மீ. மட்டும், மீதி நேரம் ஓய்வு. டிசம்பர் 14 அன்று துருவம். ஸ்காட் வந்தது அதற்கு 34 நாள் கழித்துத்தான்! 99 நாளில் ஐந்து பேரும் உயிரோடு முகாம் திரும்பினார்கள். நாய்களில் மிஞ்சியது 11. பலவற்றை வழியில் கொன்று உணவாக்குவதும் அவர் முன்கூட்டியே போட்ட கணக்கு. படிக்கும்போதே மனசு கனக்கும்.

அடுத்த ட்ரிப்புக்கு முன்னாடி குரூப்ல ரெண்டே கேள்வி கேளுங்க. எந்த இடத்துல, எத்தனை மணிக்குத் திரும்புவோம்? கடைசியா நடந்து வர்றவனோட யார் இருப்பாங்க? ரெண்டாவது கேள்விக்கு அன்னைக்கு அமுண்ட்சனிடம் பதில் இல்லை. யோஹான்சனிடம் இருந்தது.