படச்சுருள்களைத் தேடிய செட்டியார்

எங்கள் ஊர் பழவேற்காட்டு ஏரியை ஒட்டிய சுண்ணாம்புக்குளம். நான் பள்ளியில் படித்தபோது, படப்பெட்டியும் கையுமாகச் சிலர் வந்தார்கள். எந்த வலை எங்கே இறங்கலாம் என்று முறை வைத்துப் பிரிக்கும் பாடு, இடுப்பளவு நீரில் இறாலைக் கையால் தடவிப் பிடிக்கும் பெண்கள் எல்லாவற்றையும் இரண்டு நாள் படமெடுத்தார்கள். ஏரியில் மீன் குறைந்து வருவதை உலகுக்குச் சொல்லப் போவதாகச் சொல்லிச் சென்றார்கள். அந்தப் படத்தில் என் ஆயாவும் உண்டு. படத்தை நாங்கள் இன்றுவரை பார்க்கவில்லை. ஆயா காலமாகி ஆண்டுகள் பல ஆகிவிட்டன.

ஆகவேதான் ஏ.கே. செட்டியாரின் வரலாற்றை நூலகத்தில் படித்தபோது எனக்குத் தூக்கம் பிடிக்கவில்லை.

கருப்பன் செட்டியார் 1911-ல் செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தவர். இரங்கூனில் 'தனவணிகன்' இதழின் ஆசிரியராக இருந்தார். பின்னர் ஜப்பானிலும் அமெரிக்காவிலும் புகைப்படக்கலை பயின்றார். 1937 அக்டோபர் 2 அன்று நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் சென்றுகொண்டிருந்தார். அன்று காந்தியடிகளின் பிறந்த நாள். அவரைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் அந்தக் கடலில்தான் உதித்தது. அப்போது அவருக்கு வயது இருபத்தாறு கூட நிரம்பவில்லை!

இனிமேல் எடுப்பதைவிட, ஏற்கனவே எடுத்ததைத் தேடுவதே பெரும்பாடாயிற்று. தென்னாப்பிரிக்காவில் இந்தியர் மீது விதித்த 3 பவுன் வரியை எதிர்த்து 1913-ல் எழுந்த போரில் திரண்டவர்களுள் பலர் தமிழ்க் கூலிகள். 1930-ல் உப்புச் சத்தியாக்கிரகம் நடந்தபோது, அதைக் காட்டிய படங்கள் பலவற்றை ஆங்கில அரசு தடை செய்தது. தடியடியைவிட, தடியடி திரையில் தெரிவதற்கு அரசு அஞ்சியது என்று எனக்குத் தோன்றுகிறது. அந்தக் காலத்துப் படச்சுருள்கள் யார் யார் அலமாரியிலோ உறங்கின. செட்டியார் அவற்றைத் தேடி ஏறக்குறைய ஒரு லட்சம் மைல் அலைந்தார். தென்னாப்பிரிக்காவுக்கும் போனார். இடையே உலகப்போரும் மூண்டது. முப்பது ஆண்டுகளில் நூறு பேர் வரை எடுத்த சுமார் 50,000 அடி படம் சேர்ந்தது. அதிலிருந்து 12,000 அடியைத் தொகுத்தார். இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஓடும் நீளம்.

1940 ஆகஸ்ட் 23-ல் சென்னை ராக்ஸி திரையரங்கில் தமிழ்ப்படம் வெளிவந்தது. தெலுங்கிலும் இந்தியிலும் வந்தது. 1953-ல் அமெரிக்காவில் ஆங்கில வடிவமும் வந்தது.

பிறகு அவர் படமெடுக்கவில்லை. 1943 முதல் 'குமரி மலர்' இதழை நடத்தினார். பயண நூல்கள் எழுதினார். தம் படத்தை அச்சிடக்கூட விரும்பாத மனிதர். 1983-ல் மறைந்தார்.

வேதனை என்னவென்றால், உலகெங்கும் சுருள் தேடியவரின் தமிழ்ப் பிரதியே இன்று கிடைக்கவில்லை. ஆங்கில வடிவம் ஒன்று, ஆய்வாளர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் தேடலால் அமெரிக்காவில் கிடைத்தது.

இந்த விடுமுறையில் ஊருக்குப் போனதும், அந்த இரண்டு நாள் வந்து போனவர்களின் முகவரியை யாராவது எழுதி வைத்திருக்கிறார்களா என்று கேட்கப் போகிறேன். அவர்களுக்குச் சோறு போட்ட வீடு எனக்குத் தெரியும்; முதலில் அங்கேதான் போகவேண்டும்.