தென்னாட்டு கிரிக்கெட்டின் தந்தை புச்சிபாபு

மதுரை வட்டாரத்தில் நெல் அறுவடை முடிந்ததும் வயல்கள் விளையாட்டு மைதானங்கள் ஆகிவிடுகின்றன. வைகையில் தண்ணீர் வற்றினால் ஆற்று மணலிலும் ஆட்டம்தான்.

மூன்று குச்சி. ஒரு மட்டை. ஒரு பந்து. பள்ளிக்கூடத்துப் பையன்களும், வேலை முடிந்து வந்த வாலிபர்களும் வெயில் தாழ்ந்த பிறகு ஆடுகிறார்கள். மேலூர், திருமங்கலம், சோழவந்தான் பக்கம் போகிறவர்கள் இந்தக் காட்சியைக் காணலாம். கிரிக்கெட் இன்று எல்லோருக்கும் சொந்தமான ஆட்டம்.

ஆனால், இந்த ஆட்டத்தை நம் நாட்டவர் தூரத்தில் நின்று வேடிக்கை பார்க்க வேண்டியிருந்த காலம் ஒன்று உண்டு. அந்த நிலையை மாற்றப் பாடுபட்டவர் புச்சிபாபு நாயுடு.

துபாஷ் வீட்டுப் பிள்ளை

புச்சிபாபு 1868-ம் ஆண்டு பிறந்தார். அவருடைய முழுப்பெயர் மோதவரபு வெங்கட மகிபதி நாயுடு. "புச்சிபாபு" என்பது செல்லப்பெயர். அதுவே நிலைத்துவிட்டது.

அவருடைய தாத்தா, சென்னையில் புகழ் பெற்ற பாரி கம்பெனியில் துபாஷாக இருந்தவர். துபாஷ் என்றால், இரண்டு மொழி அறிந்தவர் என்று பொருள். வெள்ளைக்கார வியாபாரிகளுக்கும் உள்ளூர் மக்களுக்கும் நடுவே இருந்து, பேசி, கொடுக்கல் வாங்கலை முடித்து வைப்பது அவருடைய வேலை. அந்தக் காலத்தில் துபாஷ்கள் பெரும் பொருள் சேர்த்தார்கள்.

மயிலாப்பூரில் உள்ள "லஸ் ஹவுஸ்" என்ற பெரிய பங்களா இந்தக் குடும்பத்துக்குச் சொந்தமானது. அங்கே தாத்தாவின் நிழலில் செல்லமாக வளர்ந்தார் புச்சிபாபு. அவரைக் கவனித்துக்கொள்ள இங்கிலாந்துப் பெண்கள் தாதிகளாக இருந்தார்கள். அவர்களோடு சேப்பாக்கம் மைதானத்துக்குப் போவார். அங்கே வெள்ளைக்காரர்கள் கிரிக்கெட் ஆடுவார்கள். சிறுவன் கண் கொட்டாமல் பார்ப்பான். அப்போதே அந்த ஆட்டம் அவன் மனதைக் கவர்ந்துவிட்டது.

மரத்தடியில் சாப்பாடு

சென்னை கிரிக்கெட் கிளப் 1846-ம் ஆண்டு தொடங்கப்பட்டது. அது வெள்ளையர்களின் சங்கம். இந்தியர் எவ்வளவு படித்தவராக இருந்தாலும் சரி, எவ்வளவு பணக்காரராக இருந்தாலும் சரி, அதில் உறுப்பினர் ஆக முடியாது.

எப்போதாவது இந்தியர்களோடு வெள்ளையர் ஆடுவது உண்டு. அப்போதும் ஒரு பாகுபாடு இருந்தது. வெள்ளைக்கார ஆட்டக்காரர்களுக்கு நிழலான மண்டபம். அங்கே அவர்கள் உடை மாற்றுவார்கள், சாப்பிடுவார்கள். இந்திய ஆட்டக்காரர்களோ மரத்தடியில் உடை மாற்ற வேண்டும். சாப்பாடும் மரத்தடியில்தான்.

ஒரே மைதானம். ஒரே வெயில். ஒரே பந்து. ஆனால் உட்காரும் இடம் மட்டும் வேறு!

இது புச்சிபாபுவின் மனதைச் சுட்டது. பணத்துக்கும் செல்வாக்குக்கும் குறைவில்லாதவர் அவர். தன் மட்டில் மரியாதை கிடைத்தால் போதும் என்று அவர் இருந்திருக்கலாம். அப்படி இருக்கவில்லை. இந்தியர்களுக்கென்று சொந்தமாக ஒரு சங்கம், சொந்தமாக ஒரு மைதானம் வேண்டும் என்று தீர்மானித்தார்.

இருபது வயதில் சங்கம்

1888-ம் ஆண்டு "மெட்ராஸ் யுனைடெட் கிளப்" பிறந்தது. அப்போது புச்சிபாபுவுக்கு வயது 20தான்!

கோட்டைக்குப் பக்கத்தில் எஸ்பிளனேடு என்ற திறந்த வெளி இருந்தது. அங்கே சங்கத்துக்கு மைதானம் அமைந்தது.

சங்கம் தொடங்குவது சுலபம். நடத்துவதுதான் கஷ்டம். கிரிக்கெட் செலவு பிடித்த ஆட்டம். நல்ல மட்டை, வில்லோ என்ற மரத்தில் செய்யப்படுவது. அந்த மரம் குளிர் தேசத்தில் வளர்வது. நம் ஊர்ச் சமவெளியில் வளராது. தோல் பந்து, கால் கவசம், கையுறை எல்லாம் அன்று இங்கிலாந்திலிருந்து கப்பலில் வரவேண்டும். சாதாரணக் குடும்பத்துப் பிள்ளைகள் அதற்கு எங்கே போவார்கள்?

அந்தச் செலவைப் புச்சிபாபு தம் தலையில் போட்டுக்கொண்டார். சாமான்களை இங்கிலாந்திலிருந்து வரவழைத்தார். ஆட வந்த வாலிபர்களுக்கு அவற்றைக் கொடுத்தார். லஸ் ஹவுஸ் தோட்டத்திலும் பயிற்சி நடந்தது. கூச்சப்பட்டவர்களைக் கூப்பிட்டுக் கற்றுக்கொடுத்தார்.

தாத்தா சேர்த்த செல்வம், பேரன் கையில் ஊர்ப் பிள்ளைகளின் மட்டையாகவும் பந்தாகவும் மாறியது.

சரிக்குச் சரி பந்தயம்

பம்பாயில் பார்சி இனத்தவர் முன்பே கிரிக்கெட் கற்றிருந்தார்கள். 1886-ம் ஆண்டு இங்கிலாந்துக்கே போய் ஆடிவிட்டு வந்தார்கள். 1892 முதல் பம்பாயில் வெள்ளையருக்கும் பார்சிகளுக்கும் பெரிய பந்தயங்கள் நடந்தன.

சென்னையிலும் அப்படி ஒரு பந்தயம் நடக்க வேண்டும் என்பது புச்சிபாபுவின் ஆசை. ஒரு பக்கம் இந்தியர். மறு பக்கம் ஐரோப்பியர். இரு தரப்பும் சரிக்குச் சரியாக நின்று, ஆண்டுதோறும் மோத வேண்டும்.

இருபது ஆண்டு உழைப்புக்குப் பிறகு அந்த ஆசை நிறைவேறும் காலம் வந்தது. 1908-ம் ஆண்டு டிசம்பர் மாதம் பந்தயம் நடத்த ஏற்பாடு ஆயிற்று.

ஆனால் விதி வேறாக இருந்தது. ஆட்டம் தொடங்கச் சில நாட்களே இருந்தபோது புச்சிபாபு காலமானார். அப்போது அவருக்கு வயது 40.

தலைவரை இழந்த சங்கம் கலங்கியது. என்றாலும் பந்தயத்தைக் கைவிடவில்லை. குறித்தபடி ஆட்டம் நடந்தது. எந்தக் காட்சியைக் காண வேண்டும் என்று அவர் வாழ்நாளெல்லாம் உழைத்தாரோ, அந்தக் காட்சியை ஊரார் பார்த்தார்கள். அவர் பார்க்கவில்லை.

பொங்கல் பந்தயம்

அவர் போட்ட விதை வீண் போகவில்லை. 1916 முதல் இந்தப் பந்தயம் மாகாணப் பந்தயமாக நிலைபெற்றது. பொங்கலையொட்டி சேப்பாக்கத்தில் நடக்கும். பண்டிகைக்குக் கரும்பு எப்படியோ, சென்னைவாசிகளுக்கு இந்தப் பந்தயமும் அப்படி ஆயிற்று. 1952 வரை இது நடந்தது.

1934-ம் ஆண்டு நவம்பர் மாதம் ரஞ்சி கோப்பையின் முதல் பந்தயம் சேப்பாக்கத்தில் நடந்தது. சென்னையும் மைசூரும் மோதின. ஒரே நாளில் சென்னை வென்றது! 1952-ம் ஆண்டு பிப்ரவரி மாதம், அதே மைதானத்தில் இந்தியா இங்கிலாந்தைத் தோற்கடித்தது. டெஸ்ட் ஆட்டத்தில் இந்தியாவுக்கு அதுவே முதல் வெற்றி. ஒரு காலத்தில் இந்தியர் மரத்தடியில் உடை மாற்றிய ஊரில் அந்த வெற்றி கிடைத்தது.

மகனும் ஆட்டக்காரர்

புச்சிபாபுவின் மகன்களும் தந்தை வழியே நடந்தார்கள். அவர்களில் ஒருவர் ராமசாமி. வேறு குடும்பத்துக்குச் சுவீகாரம் போனதால் சி. ராமசாமி என்று பெயர் பெற்றவர். தந்தை இறந்தபோது அவருக்கு 12 வயது.

இவர் 1922-ல் இந்தியாவுக்காக டேவிஸ் கோப்பை டென்னிஸ் ஆடினார். 1936-ல் இங்கிலாந்து சென்ற இந்திய கிரிக்கெட் குழுவிலும் இடம் பெற்றார். மான்செஸ்டரில் முதல் டெஸ்ட் ஆடியபோது அவருக்கு வயது 40. முதல் ஆட்டத்தில் 40 ரன்னும், இரண்டாவது ஆட்டத்தில் 60 ரன்னும் எடுத்தார். எந்த வயதில் தந்தை மறைந்தாரோ, அந்த வயதில் மகன் நாட்டுக்காக ஆடினார்.

மறையாத பெயர்

புச்சிபாபு பெயரால் அகில இந்தியப் போட்டி ஒன்று நடைபெறுகிறது. இடையில் சில ஆண்டுகள் நின்றிருந்த அந்தப் போட்டி, 2023-ல் மீண்டும் தொடங்கியது. பல மாநிலங்களிலிருந்தும் குழுக்கள் வந்து ஆடுகின்றன.

இன்று ஊர் தோறும் வாலிபர்கள் சந்தா போட்டு மட்டை வாங்குகிறார்கள். முள் வெட்டி, மேடு பள்ளம் நிரவி, மைதானம் அமைக்கிறார்கள். ஆடத் தெரியாத தம்பிக்கு அண்ணன் கற்றுக்கொடுக்கிறான். மட்டை இல்லாதவனுக்கு இருப்பவன் கொடுக்கிறான்.

புச்சிபாபு அன்று செய்ததும் இதைத்தான்.