பன்றி வங்கி நடத்திய ஃபேனி லூ ஹேமர்

சுழல் நிதின்னா நமக்குப் பணம்தான் ஞாபகம் வரும். அமெரிக்காவில் ஒரு அம்மா பன்றிக்குட்டிகளை வைத்தே சுழல் நிதி நடத்தியிருக்கிறார். ஓட்டுரிமைக்காக அடி வாங்கிய அம்மாவும் அவர்தான். பெயர் ஃபேனி லூ ஹேமர்.

1917-ல் மிசிசிப்பி மாநிலத்தில், வாரத்துக்கு நிலம் உழுத கறுப்பினக் குடும்பத்தில் இருபதாவது பிள்ளையாகப் பிறந்தார். ஆறு வயதிலேயே பருத்தி எடுக்கப் போனார். இளம்பிள்ளை வாதத்தால் கால் விந்தும். ஒரு வருஷம் அப்பா மிச்சம் பிடித்து மூணு கோவேறு கழுதையும் ரெண்டு மாடும் வாங்கினார். இவர்கள் தலையெடுப்பது பொறுக்காத ஒரு வெள்ளைக்காரர் தீவனத்தில் விஷம் கலக்க, அத்தனையும் செத்துப்போச்சு. குடும்பம் மறுபடி கடனில் விழுந்தது.

கல்யாணத்துக்குப் பிறகு ரூல்வில் ஊருக்குப் பக்கத்தில் ஒரு பண்ணையில் 18 வருஷம் வேலை. எழுதப் படிக்கத் தெரிந்ததால் ஆட்களின் வேலைக் கணக்கு எழுதும் பொறுப்பும் அவருக்கு. 1961-ல் கட்டி எடுக்க ஆஸ்பத்திரிக்குப் போனவருக்கு, ஒரு வார்த்தை கேட்காமல் கர்ப்பப்பையையே எடுத்துவிட்டார்கள். அந்தக் காலத்தில் அங்கே ஏழைக் கறுப்பினப் பெண்கள் பலருக்கு இந்தக் கொடுமை நடந்தது.

கறுப்பர்களும் ஓட்டுப் போடலாம் என்பதே அவருக்கு 1962-ல் சர்ச்சில் நடந்த கூட்டத்தில்தான் தெரிந்தது. அகிம்சை வழியில் போராடிய மாணவர் இயக்கத்தார் வந்து சொன்னார்கள். ஆகஸ்ட் 31 அன்று 18 பேர் பஸ் பிடித்து, பெயர் பதிய இண்டியனோலா போனார்கள். அங்கே மாநில அரசியல் சட்டத்தில் ஒரு பகுதியைக் கொடுத்து விளக்கச் சொன்னார்கள். கறுப்பர்களைத் தடுக்கத்தான் அந்தப் பரீட்சை. திரும்பும்போது பஸ் ரொம்ப மஞ்சளாக இருக்கிறது என்று போலீஸ் அபராதம் போட்டது! எல்லாரும் கையில் இருந்ததைப் போட்டுக் கட்டினார்கள். பயந்துபோய் உட்கார்ந்திருந்தவர்களுக்காக ஃபேனி பாட ஆரம்பித்தார்.

வீட்டுக்கு வந்தால் பண்ணை முதலாளி நிற்கிறார். மனுவை வாபஸ் வாங்கு, இல்லாட்டி வெளியே போ என்கிறார். ஃபேனி அன்று ராத்திரியே வெளியேறினார். கணவர் அறுவடை முடியும்வரை பண்ணையிலேயே இருக்க வேண்டியதாச்சு. வீடு, வேலை, சோறு மூணும் ஒரே ஆள் கையில் இருந்தால் ஓட்டும் அவன் கையில்தான். இதை அவர் கடைசிவரை மறக்கவில்லை.

அடுத்த வருஷம் ஜனவரியில் பரீட்சையில் தேறினார். ஜூனில் பயிற்சி முடிந்து திரும்பும் வழியில், வினோனா ஊரில் போலீஸ் பிடித்து ஜெயிலில் போட்டது. போலீஸ் உத்தரவில் கைதிகளை விட்டே அடிக்க வைத்தார்கள். சிறுநீரகமும் ஒரு கண்ணும் கெட்டன. அதற்குப் பிறகும் அவர் கை ஓங்கவில்லை. ஊர் ஊராகப் போய்ப் பெயர் பதிய வைத்தார்.

1964-ல் ஜனநாயகக் கட்சி மாநாட்டில் இதையெல்லாம் டிவி கேமரா முன்னால் சொன்னார். அதை மறைக்க ஜனாதிபதி ஜான்சன் அவசரமாகப் பத்திரிகையாளர்களைக் கூப்பிட்டார். ஆனால் ராத்திரி டிவியில் ஃபேனியின் பேச்சையே போட்டார்கள். சமாதானமாக ரெண்டு இடம் தருகிறோம் என்றார்கள். அறுபதுக்கு மேற்பட்டவர்கள் வந்திருக்க ரெண்டு இடமா என்று மறுத்துவிட்டார். 1965-ல் ஓட்டுரிமைச் சட்டம் வந்தது.

சட்டம் வந்தும் பசி போகவில்லை. அதனால்தான் பன்றி வங்கி. நீக்ரோ பெண்கள் தேசியக் கவுன்சில் உதவியோடு சுமார் 50 பெண் பன்றிகளை வைத்துத் தொடங்கினார். ஒரு குடும்பம் சினைப்பன்றியை வாங்கும். குட்டி போட்டதும் ரெண்டு குட்டியை வங்கிக்குத் திருப்பித் தரும். அவை வளர்ந்து வேறு வீட்டுக்குப் போகும். மீதிக் குட்டிகள் வளர்த்தவர்களுக்கே. வட்டி கிடையாது. 1969-ல் 40 ஏக்கர் வாங்கிக் கூட்டுறவுப் பண்ணையும் ஆரம்பித்தார். காய்கறி விளைந்தது, வீடு இல்லாதவர்களுக்கு வீடும் அமைந்தது.

பண்ணை கடனில் மாட்டி 1976-ல் நின்றுபோனது. மறு வருஷம் மார்ச் 14-ல், 59 வயதில் ஃபேனி இறந்தார். ரூல்வில்லில்தான் அடக்கம் செய்திருக்கிறார்கள்.