ஜூலியா மார்கரெட் கேமரன்

ஜூலியா மார்கரெட் கேமரன் (ஜூன் 11, 1815 – ஜனவரி 26, 1879) ஒரு பிரித்தானிய ஒளிப்படக் கலைஞர் ஆவார். கல்கத்தாவில் பிறந்த இவர், 1863 ஆம் ஆண்டில், தமது 48 ஆவது வயதில், மகளும் மருமகனும் பரிசளித்த ஒளிப்படக் கருவியைக் கொண்டு இக்கலையைத் தாமே பயின்றார்.

துல்லியமே ஒளிப்படத்தின் சிறப்பு எனக் கருதப்பட்ட அக்காலத்தில், இவர் முகங்களை மிக அருகிலிருந்து, மங்கலான குவியத்தில் படமெடுத்தார். கண்ணாடித் தகடுகளில் விழுந்த கீறல்களையும் கறைகளையும் பெரிதாகக் கொள்ளவில்லை. ஒளிப்படத் துறையினர் பலர் இவற்றைப் பிழைகள் எனக் கண்டித்தபோதும் தமது முறையைக் கைவிடவில்லை. டென்னிசன், டார்வின், ஜான் எர்ச்செல் ஆகியோரை இவர் எடுத்த படங்கள் புகழ்பெற்றவை.

1875 இல், கணவருக்குக் காப்பித் தோட்டங்கள் இருந்த இலங்கையில் குடியேறினார். அங்கு தோட்டத் தொழிலாளர்களையும் ஊர் மக்களையும் படமெடுத்தார். அவற்றுள் சிலவே எஞ்சியுள்ளன. டிக்கோயாவில் காலமான இவரது உடல் பொகவந்தலாவையில் அடக்கம் செய்யப்பட்டது. பிழை எனப்பட்ட மங்கலான குவியம், பிற்காலத்தில் இவரது தனித்த கலைநடையாக ஏற்கப்பட்டது.