திரையுலகில் புதுமைப்பித்தன்

சிறுகதை எழுத்தாளர் என்ற முறையில் புதுமைப்பித்தனை நாம் அனைவரும் அறிவோம். அவர் திரைப்படங்களுக்கும் கதை வசனம் எழுதியவர் என்பது நம் தோழியருள் பலருக்குத் தெரிந்திராது.

சொ. விருத்தாசலம் என்பது அவரது இயற்பெயர். 1906ஆம் ஆண்டு ஏப்ரல் 25ஆம் நாள் திருப்பாதிரிப்புலியூரில் பிறந்தார். தந்தையார் தாசில்தாராக அங்கு வேலை பார்த்தார், பூர்வீகம் திருநெல்வேலிதான். நம் சங்கரன்கோவில் 2019 முதல் தென்காசி மாவட்டத்தில் சேர்ந்துவிட்டது. அதற்காக நெல்லைச் சீமையை நாம் விட்டுக்கொடுப்போமா? அவரை நம் ஊர்க்காரர் என்றே சொல்லிக்கொள்வோம்.

எட்டு வயதில் தாயார் பர்வதத்தம்மாளை இழந்தார். வீட்டிற்குச் சிற்றன்னை வந்தார். நெல்லை இந்துக் கல்லூரியில் பி.ஏ. முடித்து, 1932இல் கமலா அம்மையாரை மணந்து, எழுத்தையே நம்பிச் சென்னை சென்றார். மணிக்கொடியிலும் தினமணியிலும் எழுதினார். பசி, வறுமை, பெண்கள் படும் துயரம் ஆகியவற்றை ஒளிக்காமல் எழுதியதால் சிலர் முகம் சுளித்தனர். அவரோ கேலியும் கிண்டலுமாகத் தொடர்ந்து எழுதினார். ஏறத்தாழ நூறு கதைகள் எழுதியும் குடும்பத்தை நடத்தப் பணம் போதவில்லை.

1943இல் ஆசிரியர் டி. எஸ். சொக்கலிங்கத்துடன் தினமணியை விட்டு விலகினார். சில ஆண்டுகளில் சினிமா அவரை அழைத்தது. ஜெமினியின் 'அவ்வையார்' படத்திற்கு எழுதினார். அது திரைக்கு வந்ததோ 1953இல்! 'காமவல்லி'க்கும் எழுதினார். பின்பு தாயார் பெயரால் 'பர்வதகுமாரி புரொடக்ஷன்ஸ்' என்ற நிறுவனம் தொடங்கி, 'வசந்தவல்லி' என்ற படம் எடுக்க முயன்றார். வசந்தவல்லி நம் குற்றாலக் குறவஞ்சியின் நாயகி அல்லவா? அப்படம் உருவாகவே இல்லை. கைப்பணம் கரைந்ததுதான் மிச்சம்.

சிறையிலிருந்து விடுதலையான தியாகராஜ பாகவதர் 'ராஜமுக்தி' படத்தை எடுத்தபோது, அதற்கு வசனம் எழுத அவர் புனா நகருக்குச் சென்றார். அங்கே காசநோய் அவரை வாட்டியது. ஸ்ட்ரெப்டோமைசின் மருந்து அமெரிக்காவில் 1943இலேயே கண்டுபிடிக்கப்பட்டிருந்தாலும், அந்நாளில் நம் நாட்டில் அது கிடைப்பது அரிது. விலையும் மிக அதிகம். மனைவியையும் பச்சிளங்குழந்தையான மகளையும் விட்டு, 1948இல் திருவனந்தபுரத்தில் தமது 42ஆம் வயதில் காலமானார். 'ராஜமுக்தி' அவ்வாண்டு அக்டோபரில்தான் வெளிவந்தது; அது ஓடவுமில்லை.

திரைக்கென்று அவர் எழுதியவற்றை இன்று யாரும் பேசுவதில்லை. திரைக்கென்று எழுதாத ஒன்றுதான் பேசப்படுகிறது. அவருடைய 'சிற்றன்னை' என்ற கதையிலிருந்து 1979இல் இயக்குநர் மகேந்திரன் 'உதிரிப்பூக்கள்' படத்தை உருவாக்கினார். கதையை அவர் பெரிதும் மாற்றிவிட்டார் என்பது உண்மைதான். தாயை இழந்த இரு குழந்தைகள் மட்டும் மாறவில்லை. அப்படம் முடியும்போது அவ்விருவரும் ஆற்றங்கரையில் தனியே நடந்து செல்வார்கள். எட்டு வயது விருத்தாசலத்தை அங்கே நாம் பார்க்கிறோம்.