கூலியைக் கடந்த கலைஞர்

திருவையாற்றில் 1911இல் பிறந்த டி.பி.ராஜலட்சுமி, குழந்தை மணம் முறிந்தபின் வறுமையால் நாடக மேடை ஏறியவர். 1931இல் வெளியான தமிழின் முதல் பேசும்படம் ‘காளிதாஸ்’ அவருக்குப் பெரும்புகழ் ஈட்டித் தந்தது. பொருளியல் பயிற்றுவித்த என்னை வியக்கவைப்பது அப்புகழன்று; 1936இல் ‘மிஸ் கமலா’வைத் தம் கதையைக் கொண்டு தாமே தயாரித்து இயக்கிய துணிவு. நான் வாழும் கூரத்தையொட்டிய காஞ்சி வட்டாரத்தில், தறியில் உழைப்போர் பலருக்கு நெய்த சேலையில் உரிமையில்லை, கூலி மட்டுமே. திரையிலும் நடிப்பவருக்கு ஊதியம், முதலிட்டவருக்கு உடைமை என்பதே வழக்கம். பெண்களுக்குச் சொத்துரிமையே சுருங்கியிருந்த காலத்தில், முதலீட்டின் இடரைத் தாமே ஏற்று அவ்வழக்கை மீறினார் ராஜலட்சுமி. 1964இல் மறைந்தார். ‘காளிதாஸ்’ பிரதியும் இன்று கிடைப்பதில்லை. முதல் கதாநாயகி என்று மட்டும் அவரைப் போற்றுவது, அவர் உழைப்புக்கு நாம் தரும் அரைக்கூலியே.