அர்ஹீனியஸ் கண்ட கணக்கு

ரசாயனம் பயிலும் மாணவர் அனைவரும் ஸ்வான்டே அர்ஹீனியஸ் என்னும் பெயரை அறிவர். அமிலம், காரம் என்பனவற்றிற்கு அவர் வகுத்த இலக்கணத்தை நெட்டுருப் பண்ணாது பரீட்சை மண்டபம் புகுவாரில்லை. ஆயினும், பனியூழியின் காரணத்தைத் தேடப் புகுந்த அவரே, நம் காலத்து வெப்பமிகுதிக்கும் கணக்குக் கண்டவர் என்பதைப் பலர் அறியார். அதனையே ஈண்டுக் கூறப் புகுந்தோம்.

இவர் 1859-ஆம் ஆண்டில், ஸ்வீடன் நாட்டில் உப்ஸாலா நகரையடுத்த வீக் என்னுமிடத்திற் பிறந்தார். கரைசல்களில் மின்சாரம் பாய்தலைப் பற்றி 1884-இல் இவர் எழுதிய ஆராய்ச்சியுரைக்கு உப்ஸாலா சர்வகலாசாலையார் மிகத் தாழ்ந்த தகுதியே வழங்கினர். அதினின்று வளர்ந்த கொள்கைக்கே 1903-இல் நோபெல் பரிசு கிடைத்தது! பரீட்சகர்களைப் பற்றி நாம் ஒன்றும் சொல்லாதிருத்தலே நலம்.

நிற்க. பண்டொரு காலத்தில் வட ஐரோப்பா முழுதும் பனிப்பாளத்தின்கீழ்ப் புதைந்து கிடந்ததென்பதை, பாறைகளில் அது இழைத்துச் சென்ற கீறல்களால் அறிஞர் துணிந்திருந்தனர். உலகம் அங்ஙனம் குளிர்ந்தது எதனால்? காற்றிலுள்ள கரியமிலவாயு குறைந்தமையால் ஆகலாம் என்று கருதினார் அர்ஹீனியஸ். அவ்வாயு கதிரவன் ஒளியை உள்ளே விட்டு, நிலத்தினின்று மீளும் வெப்பத்தைத் தடுத்துக்கொள்ளும் இயல்பினது. சந்திரனிடமிருந்து வரும் வெப்பத்தை அமெரிக்கரான லாங்லி அளந்து வைத்த எண்களைக் கைக்கொண்டு, பூமியை அட்சரேகைதோறும் பருவந்தோறும் பகுத்து, எழுதுகோலொன்றே துணையாக ஏறக்குறைய ஓராண்டு கணக்கிட்டார்.

முடிவு 1896-இல் வெளிவந்தது. வாயு ஏறத்தாழப் பாதியாகக் குறையின் வெப்பம் 4 அல்லது 5 பாகை சென்டிகிரேட் தாழ்ந்து பனியூழி நேரும். இருமடங்காயின் 5 அல்லது 6 பாகை உயரும். நிலக்கரி எரித்தலால் அவ்வாயு பெருகும் என்பதையும் உணர்ந்தார். ஆனால் அதற்குப் பல நூற்றாண்டுகள் செல்லுமென்றும், குளிர்நாட்டார்க்கு அது நன்மையே என்றும் எண்ணினார். ஸ்வீடனில் மாரிக்காலம் கழித்தவர் அங்ஙனம் எண்ணியதில் வியப்பில்லை.

1927-இல் ஸ்டாக்ஹோமில் காலமானார். பனியூழியைத் தொடங்கி வைப்பது பூமி கதிரவனைச் சுற்றும் நெறியில் நேரும் மாறுதலே என்று பின்னர்த் தெளிவாயிற்று. அவ்வளவில் அவர் கொள்கை பிழைபட்டது. ஆயினும் அக்குளிரை மிகுவித்ததில் வாயுவின் குறைவுக்கும் பெரும் பங்குண்டு. அண்டார்ட்டிக்காவின் பனிக்கட்டியில் அகப்பட்ட பழங்காற்றை ஆராய்ந்தோர், கடுங்குளிர்க் காலங்களில் அது பத்து இலட்சத்தில் 180 பங்களவே இருந்ததென்றும், கடந்த 8 இலட்சம் ஆண்டுகளின் வெப்பக் காலங்களிலும் 300 பங்களவை மிஞ்சவில்லையென்றும் கண்டனர். அர்ஹீனியஸ் கணக்கிட்ட நாளில் 300-க்குச் சற்றுக் குறைந்திருந்த அது, இன்று 420-ஐக் கடந்துவிட்டது. இருமடங்காயின் 3 பாகையளவு உயரும் என்பது 2021-இல் பன்னாட்டு அறிஞர் குழுவினர் கண்ட மதிப்பு. அவர் எண்ணிய பல நூற்றாண்டுகளில் இன்னும் ஒன்றரை நூற்றாண்டுகூடக் கழியவில்லை.